முகம் இல்லாத பன்னிரண்டு பேர்

அருங்காட்சியகத்தில் "தொடவேண்டாம்" என்று எழுதி வைத்திருக்கும் பொருளை முதலில் தொட்டு, உரசி, நிறம் பூசி அனுப்புகிறவர்கள் நாங்கள்தான். டென்மார்க்கில், ஹோர்சன்ஸ் நகரத்தில் பெரிய களஞ்சியங்களுக்கு நடுவே ஒரு பட்டறை இருக்கிறது. அங்கே ஒன்பது பேர் கண்காட்சிகளுக்கு வேண்டிய ஆட்கள், மிருகங்கள், மரங்கள், கப்பல்கள் எல்லாம் செய்கிறோம். நிறம் பூசுவது என் வேலை. அதற்கு முன் பதினொரு வருடம் இறைச்சித் தொழிற்சாலையில் நின்றேன். செய்து கொடுத்த பொருளில் தன் பெயர் இல்லாத வேலையை நீங்களும் செய்திருந்தால், நான் சொல்லப்போவது உங்களுக்கு அதிகம் விளக்கம் இல்லாமலே விளங்கும்.

முன்பெல்லாம் எங்களுக்கு வந்த வேலை டென்மார்க்குக்குள்தான். நரி, கடல்நாய், பழைய காலத்து மீன்பிடிப் படகு. பிறகு வளைகுடாவிலுள்ள ஒரு எண்ணெய் நாட்டிலிருந்து ஓடர் வரத் தொடங்கியது. அங்கே அருங்காட்சியகம், நாடக அரங்கு, படப்பிடிப்புத் தளம், கார்ட்டூன் கம்பனி என்று ஒன்றன்பின் ஒன்றாகத் திறக்கிறார்கள். எண்ணெய் வற்றுவதற்கு முன் வேறு தொழில்கள் வளரவேண்டும் என்பது அந்த அரசாங்கத்தின் யோசனை. அந்தப் பெரிய யோசனையின் சின்னத் துண்டு ஒன்று எங்கள் மேசைக்கு வந்தது.

முழங்கால்

முதல் ஓடர் மூன்று ஒட்டகங்கள். எங்கள் பட்டறையில் ஒட்டகத்தைக் கிட்ட நின்று பார்த்தவர் ஒருவரும் இல்லை. படங்களை வைத்துத்தான் செய்தோம். கண்ணிமை மயிரை ஒவ்வொன்றாக ஒட்டினேன். பெப்ரவரியில் அந்த அருங்காட்சியகத்திலிருந்து நூரா என்ற பெண் பார்வையிட வந்தாள். முப்பது வயது இருக்கும். காட்சிகளை வடிவமைக்கும் பொறுப்பு அவளுடையது. பெரிய கோட்டோடு ஒட்டகத்தைச் சுற்றிச் சுற்றி நடந்தாள். நான் ஒட்டிய கண்ணிமையை அவள் பார்க்கவே இல்லை. தரையில் குந்தி முழங்காலைத் தடவிப் பார்த்தாள்.

சுடுமணலில் உட்கார்ந்து எழும்பி ஒட்டகத்தின் முழங்காலும் நெஞ்சும் காய்த்துத் தடித்துப்போயிருக்குமாம். நாங்கள் குதிரைக்கு இருப்பதுபோல வழவழவென்று விட்டிருந்தோம். மூன்றுக்கும் அந்த இடத்தை வெட்டியெடுத்துத் திரும்பச் செய்ய மூன்று கிழமை போயிற்று. எனக்கு அந்த வேலை பாரமாகத் தெரியவில்லை. அவள் சொன்ன விதம் அப்படி. கோபமே இல்லாமல், ஒருவருடைய குறையை அவர் காதுபடச் சொல்லக் கூசுவதுபோல, மெதுவாகச் சொன்னாள்:

"அழகாக இருக்கிறது. ஆனால் இது ஒருநாளும் மண்டியிட்டு உட்காராத ஒட்டகம்."

முற்றம்

இரண்டு ஒட்டகங்கள் கப்பலேறிவிட்டன. மூன்றாவதை ஏற்றவேண்டிய கொள்கலன் வரப் பிந்தியதால் அதை வெளியே முற்றத்தில், கூரைக்குக் கீழே நிறுத்தினோம். மார்ச்சிலும் பனி கொட்டியது. ஒரு வயதான டேனிஷ்காரர் தினமும் சைக்கிளில் அந்த வழியால் போவார். நாலாம் நாள் இறங்கி வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றார். பொம்மை என்பது அவருக்குத் தெரியும். குளிருமா என்று பகிடிக்குக் கேட்கப்போகிறார் என்று நினைத்து நான் சிரிக்க ஆயத்தமானேன். அவர் சிரிக்கவில்லை.

"நீண்ட நாளைக்குத் தனியாக நிற்க விடாதீர்கள். பார்க்கிற எங்களுக்குக் கஷ்டமாக இருக்கிறது."

சாப்பாட்டு மேசை

எங்கள் முதலாளி பென்ட் எஸ்பியர்க் என்ற துறைமுக நகரத்துக்காரர். இளமையில் வட கடலில் எண்ணெய் எடுக்கும் மேடையில் இரும்பு ஒட்டுகிற வேலை செய்தவர். இரண்டாவது முறை நூரா வந்தபோது, எல்லோரும் வீட்டிலிருந்து கொண்டுவந்த கறுப்பு ரொட்டியைப் பிரித்து வைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். பென்ட் அவளிடம் நேரடியாகவே கேட்டார். "நாங்களும் எண்ணெய் எடுத்தோம். இப்போது எஸ்பியர்க் துறைமுகம் முழுக்கக் காற்றாலைத் துண்டுகள். அது இரும்பு, அது மின்சாரம், எனக்கு விளங்குகிறது. படமும் பொம்மையும் கதையும் வைத்து ஒரு நாடு சாப்பிட முடியுமா?"

நூரா கையில் இருந்த ரொட்டியைக் கீழே வைத்தாள். தன் அப்பா எண்ணெய்க் கம்பனியில் பொறியியலாளர் என்றாள். வரையப் படிக்கப் போகிறேன் என்று சொன்னபோது அவர் ஒரு வருடம் அவளோடு கதைக்கவில்லையாம். இப்போது அதே அப்பா, மகள் அருங்காட்சியகத்தில் வேலை என்று எல்லோருக்கும் சொல்லிக்கொண்டு திரிகிறாராம். பிறகு பென்ட்டின் கேள்விக்கு வந்தாள்.

"கூட்ட மேடையில் ஏறினால் முடியும் என்றுதான் நான் சொல்லவேண்டும். இது சாப்பாட்டு மேசை, அதனால் சொல்கிறேன்: தெரியாது. ஆனால் எங்களிடம் முதன்முதலாக யாரோ கதை கேட்கிறார்கள்."

பன்னிரண்டு பேர்

அடுத்த வருடம் பெரிய ஓடர் வந்தது. அந்த அருங்காட்சியகம் இருக்கும் நகரம் எழும்பிய கதையைச் சொல்லும் மண்டபத்துக்குப் பன்னிரண்டு ஆள் உருவங்கள். கட்டடத்துக்குச் சாரம் கட்டுகிறவர், சீமெந்து சுமக்கிறவர், கம்பி வளைக்கிறவர். வந்த வரைபடத்தில் உடம்பு, உடுப்பு, சப்பாத்து எல்லாம் நுணுக்கமாக இருந்தன. தலை மட்டும் முட்டைபோல, கண் மூக்கு வாய் ஒன்றும் இல்லாமல், ஒரே சாம்பல் நிறத்தில். வரைபடத்தோடு வந்திருந்த நூராவிடம் நான் முகத்தின் படங்கள் எப்போது வரும் என்று கேட்டேன். வராது என்றாள். "பொதுவான தொழிலாளர்" என்று மேலிடத்தில் எழுதியிருக்கிறார்களாம்.

சொல்லவேண்டும் என்று நினைத்துச் சொல்லவில்லை, வாய்க்கு வந்துவிட்டது. என்னுடைய அண்ணை அங்கேதான் ஐந்து வருடம் சாரம் கட்டினார் என்றேன். இங்கே கோப்பன்ஹேகனுக்குப் பக்கத்தில், அல்பர்ட்ஸ்லுண்டில் இருக்கிறார் என்றேன். நூரா எழுதிக்கொண்டிருந்த பேனையை மூடினாள்.

"அவரைக் கூப்பிட முடியுமா? நான் அங்கே பிறந்து வளர்ந்தவள். அந்தக் கட்டடங்களைக் கட்டிய ஒருவரோடும் இதுவரை உட்கார்ந்து கதைத்ததில்லை."

அண்ணையின் அரபு

அண்ணை அந்த ஐந்து வருடத்தைப் பற்றி எங்களிடம் கதைத்ததே இல்லை. இருபத்திரண்டு வயதில் போனார், பிறகு டென்மார்க்குக்கு வந்தார், பள்ளிக்கூடம் ஒன்றில் துப்புரவு வேலை, ஞாயிற்றுக்கிழமை சபை. அவ்வளவுதான் எங்களுக்குத் தெரிந்த அண்ணை. ரெலிபோனில் கேட்டபோது, "என்ன விசர்க் கதை கதைக்கிறாய், நான் அங்க என்ன மந்திரியாவே இருந்தனான்?" என்றார். ஆனாலும் அடுத்த சனிக்கிழமை மூன்று மணித்தியாலம் ரயிலில் வந்து இறங்கினார். சபைக்குப் போடும் கோட்டும் டையும் போட்டிருந்தார்.

சாரக் குழாயைத் தோளில் வைத்ததுபோல நிற்கச் சொல்லி ஒரு மட்டைக் குழாயைக் கொடுத்தோம். வேண்டாம் என்றார். கோட்டைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, மூலையில் கிடந்த இரும்புக் குழாயைத் தானே தூக்கினார். "பாரம் இல்லாட்டி தோள் அப்பிடி நிக்காது, பிள்ளை," என்று நூராவுக்குத் தமிழிலேயே சொன்னார். நான் மொழிபெயர்த்தேன். குளிருக்குக் கழுத்தில் போட்டிருந்த துணியை எடுத்துத் தலையில் சுற்றினார். அறுபது தாண்டிய மனிதரின் முதுகு ஒரு நிமிடத்தில் வேறு ஒரு முதுகாக மாறியதை நான் பார்த்தேன்.

நூரா படம் எடுத்து முடித்த பிறகு, ஏதாவது அரபு ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டாள். அண்ணைக்கு உற்சாகம் வந்துவிட்டது. விரலை மடித்து மடித்து, அரபிலும் பிறகு தமிழிலுமாகச் சொன்னார். தூக்கு. கொண்டு வா. கெதியாக. இறங்கு. வாயை மூடு. நாளைக்கு. நூரா முதல் இரண்டு மூன்று சொல்லுக்குச் சிரித்தாள், பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டாள். அண்ணை தேநீர் எடுக்கப் போன பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"உங்கள் அண்ணனுக்குத் தெரிந்த எங்கள் மொழியில் கட்டளை மட்டும்தான் இருக்கிறது."

பார்வை

உருவங்களுக்கு முகம் வைக்க அனுமதி கேட்டு நூரா எழுதினாள். மூன்று கிழமை கழித்துப் பதில் வந்தது. முன்பு சொன்னபடியே செய்யவும் என்று இரண்டு வரி. அதற்கிடையில் நான் அண்ணையின் இருபத்திரண்டு வயதுப் பாஸ்போர்ட் படத்தை வைத்துக் களிமண்ணில் ஒரு தலை செய்யத் தொடங்கியிருந்தேன். பென்ட் அதைக் கண்டார். "ஓடர் எப்படியோ அப்படித்தான் அனுப்பவேண்டும்," என்றார். ஈரத்துணியால் அந்தத் தலையை மூடினேன். நீங்களும் ஒருநாள் எதையாவது இப்படி மூடியிருப்பீர்கள்.

சில மாதம் கழித்து வந்தபோது நூரா வெளியே முற்றத்தில் நடந்து நடந்து நெடுநேரம் ரெலிபோனில் கதைத்தாள். கண்ணாடிக்குள்ளால் அவள் கை ஆடுவது மட்டும் தெரிந்தது. காது சிவந்துபோய் உள்ளே வந்து, ஐந்து பேருக்கு முகம் வைக்கலாம், பின்வரிசையில் நிற்கிறவர்களுக்கு மட்டும் என்றாள். அவளுக்கு அது வெற்றியா தோல்வியா என்று முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியவில்லை. நான் துணியை எடுத்தேன். நான் அதை நனைத்துக்கொண்டே இருந்ததால் களிமண் இன்னும் ஈரமாகத்தான் இருந்தது. அன்றைக்குக் கை கழுவும்போது பென்ட்டிடம், ஒரு முகத்துக்கு ஏன் இவ்வளவு பயப்படுகிறார்கள் என்று கேட்டேன்.

"முகம் வைத்தால் அது யாரையாவது பார்க்கும். அதுதான்."

அபிக்குச் சொன்னது

என் மகள் அபி கார்ட்டூன் படம் செய்யப் படித்தவள். நான் தமிழில் கேட்டால் டேனிஷில் பதில் சொல்லுவாள். அவள் ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது, அதே எண்ணெய் நாட்டில் புதிதாகத் தொடங்கிய கார்ட்டூன் கம்பனியில் ஒரு வருட வேலை கிடைத்திருக்கிறது என்றாள். "அம்மா, இங்கே எங்கள் வகுப்பில் பாதிப்பேருக்கு வேலை இல்லை. அங்கே ஆள் தேடுகிறார்கள்," என்றாள், டேனிஷில். நான் கத்தவில்லை. அண்ணைக்கு ரெலிபோன் எடுத்து, நீங்கள் சொன்னால் கேட்பாள், போகவேண்டாம் என்று சொல்லுங்கோ என்றேன்.

அண்ணை நேரில் வந்தார். அபியிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "உன்ரை பாஸ்போர்ட் ஆரிட்டை இருக்கும்?" அபிக்கு அந்தக் கேள்வியே விளங்கவில்லை. "என்னிடம்தான், வேறு யாரிடம்?" என்றாள். அபி எழும்பிப் போன பிறகு அண்ணை என்னிடம் சொன்னார். "எங்களிட்டை இறங்கின உடனயே பாஸ்போர்ட்டை வாங்கி அலுமாரியில வைச்சுப் பூட்டிப்போட்டாங்கள். அம்மா மோசம்போன தந்தி வந்தபோது மூண்டு நாள் அந்தக் கம்பனிக் கந்தோர் வாசல்ல நிண்டனான். அலுமாரித் திறப்பு வைச்சிருக்கிறவர் லீவில போயிட்டார் எண்டினம்."

அம்மாவின் செத்தவீட்டுக்கு அண்ணை வராததை நான் முப்பது வருடத்துக்கு மேலாக மனதில் வைத்திருந்தேன். வேலைதான் பெரிது என்று நின்றுவிட்டார் என்று நினைத்தேன். அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. இப்போது அவருடைய கோப்பையில் தேநீரை ஊற்றினேன். அது நிறைந்து வழிந்தது. அவர் துணி எடுத்துத் துடைத்தார்.

"பிள்ளை போகட்டும். நான் போனது வேற, இவள் போறது வேற. பாஸ்போர்ட்டை மட்டும் ஒருத்தரிட்டையும் குடுக்க வேண்டாமெண்டு சொல்லு."

பின்வரிசை

அபி போனாள். வேலை நன்றாக இருக்கிறது. அவளோடு மேசை பகிர்கிற இரண்டு பெண்கள் அந்த நாட்டுக்காரர். தங்கள் சொந்த மொழியில் சிறுவர்களுக்குக் கார்ட்டூன் செய்கிறார்களாம். அதைப் பற்றிச் சொல்லும்போது அவள் குரலில் பொய் இல்லை. அருங்காட்சியகம் திறந்து இரண்டாம் கிழமை அவள் அங்கே போனாள். நாங்கள் அல்பர்ட்ஸ்லுண்டில் அண்ணையின் வீட்டில் இருந்தோம். மண்டபத்துக்குள் நடந்துகொண்டே எங்களுக்கு வீடியோவில் காட்டினாள்.

முன்னால் முட்டைத் தலையோடு ஏழு பேர். அவர்களுக்குப் பின்னால் நான் நிறம் பூசிய ஐந்து முகம். பலகையில் "நகரைக் கட்டியவர்கள்" என்று இருந்தது, பெயர் ஒன்றும் இல்லை. பலகையிலாவது பெயர் எழுதவேண்டும் என்று நூரா மறுபடியும் எழுதிக் கேட்டிருக்கிறாளாம், பதில் வரவில்லை. துப்புரவு உடுப்புப் போட்ட ஒரு மனிதர், தள்ளுவண்டியை ஓரமாக விட்டுவிட்டு, அந்த முகங்களை அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றார். அபி அவரைத் தாண்டாமல் நின்றுகொண்டாள். அவர் போன பிறகுதான் கிட்டப் போய் அண்ணையின் முகத்தைக் காட்டினாள்.

அண்ணை கண்ணாடியைத் தேடவில்லை. ரெலிபோனைக் கையை நீட்டித் தூரப் பிடித்து, தன் இருபத்திரண்டு வயது முகத்தை நெடுநேரம் பார்த்தார். பிறகு ரெலிபோனை மெதுவாக என்னிடம் தந்தார்.

"நல்ல ஏசிக்குள்ள விட்டிருக்கினம். இனி வெயில் படாது."

எண்ணெயிலிருந்து கலைக்கு மாறுகிற நாடுகளைப் பற்றி என்னிடம் யாராவது கேட்டால், ஒரு ஆளுக்குக் கை கால் செய்ய எங்களுக்கு நாலு நாள் போதும், முகம் வைக்கத்தான் மேலிடத்துக்கு மாதக்கணக்கில் நாள் வேண்டியிருக்கிறது என்று மட்டும் சொல்லுவேன்.