சுண்டுவின் வரிசை

இது கட்டுக்கதை இல்லை. நேரம் போட்டு எழுதிய நோட்டு இன்னும் என் பீரோவில் இருக்கிறது. நடு ராத்திரியில் நடந்ததும் இல்லை. ஜன்னலில் வெயில் அடித்துக்கொண்டிருக்க, மதியம் 3:10க்கு நடந்தது.

நான் பள்ளி அலுவலகத்தில் வருகைப் பதிவேடு பார்க்கிறவள். வந்த பிள்ளைக்குக் கோடு, வராத பிள்ளைக்குச் சுழி. பத்தொன்பது வருடத்தில் ஒரு சுழியைக்கூடக் கோடாக்கியதில்லை. கல்யாணமாகிப் பன்னிரண்டு வருடம் ஆகியும் எனக்குக் குழந்தை இல்லை. என் தங்கை வயிற்றிலோ ஒரே நேரத்தில் இரண்டு. வயிற்றெரிச்சலா என்று கேட்டால், ஆமாம்.

இரண்டும் ஒரே அச்சு. உள்ளே இரண்டுக்கும் ஒரே நஞ்சுக்கொடி. அதன் குழாய்கள் வழியாகச் சின்னதின் ரத்தம் பெரியதுக்குப் போய்க்கொண்டிருந்தது. அபூர்வமாக அப்படி ஆகுமாம். லேசர் வைத்துக் குழாய்களை அடைத்தார்கள்.

"சின்னது அசையறது நின்னா உடனே கூட்டிட்டு வாங்க. ஒரு நாள்கூடத் தள்ளிப் போடாதீங்க" என்றார் டாக்டர்.

தங்கை படுக்கையை விட்டு எழக்கூடாது. லீவு போட்டுவிட்டு நான்தான் கூட இருந்தேன். தினமும் மூன்று மணிக்கு அவள் வயிற்றில் கை வைத்து உதைகளை எண்ணுவேன். நோட்டில் இரண்டு வரிசை. வலப்பக்கம் குண்டு, இடப்பக்கம் சுண்டு. பேர் வைத்தது அவள்தான்.

"குண்டு அப்படியே மாமா மாதிரிக்கா. தட்டுல இருக்கறதெல்லாம் காலி" என்று அன்றைக்குச் சிரித்தாள்.

மாமா என்றால் என் கணவர். அவர் மாதிரி இருக்க எங்கள் வீட்டில் யாரும் இல்லை. சுருக்கென்றது.

அவள் கண்ணயர்ந்தாள். என் உள்ளங்கை சுண்டுவின் பக்கம் இருந்தது. தூங்குகிறவளிடம் மனதுக்குள் மட்டும் சொன்னேன்: 'உனக்கு எதுக்கு? எனக்குக் குடுத்துடு.'

3:10.

ஓர் உதை.

என் கையில் அல்ல...

என் தொப்புளுக்குக் கீழே. உள்ளிருந்து.

கையை மாற்றி மாற்றி வைத்துப் பார்த்தேன். அவளுடைய இடப்பக்கம் சுவர் மாதிரி இருந்தது. மறுபடியும் 'தொம்'... எனக்குள்.

அவள் விழித்தாள். "சுண்டு அசைஞ்சுதாக்கா?"

"ம்."

கோடு போட்டேன்.

மறுநாள் நான்கு. அதற்கடுத்த நாள் ஒன்பது. எல்லாம் 3:10க்கு. எல்லாம் எனக்குள். எல்லாவற்றையும் சுண்டுவின் வரிசையில் எழுதினேன்.

"ஒன்பதா! தேறிடுச்சுக்கா என் சுண்டு!" என் கையைப் பிடித்து முத்தம் கொடுத்தாள்.

டாக்டரிடம் போகலாம் என்று சொல்ல வாய் திறந்தேன். மூடிக்கொண்டேன். போனால் தெரிந்துவிடும். திருப்பிக் கேட்பார்கள்.

நான்காம் நாள் ஸ்கேன். டாக்டர் திரையைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார்.

"பெரியது நல்லா இருக்கு. சின்னதுக்குத் துடிப்பு இல்ல. மூணு நாள் ஆகியிருக்கும். அசைவு நின்னது தெரியலையா?"

"நோட்டுல இருக்கே டாக்டர்..." என்ற தங்கை மெதுவாகத் திரும்பி என்னைப் பார்த்தாள்.

இரண்டு வருடம் அவள் என்னோடு பேசவில்லை.

குண்டு பெண்ணாகப் பிறந்தாள். இப்போது ஐந்து வயது. என் 3:10 மட்டும் ஒரு நாளும் தவறவில்லை. எந்த ஸ்கேனிலும் எதுவும் தெரிந்ததில்லை. யாரிடமும் நான் சொன்னதுமில்லை.

போன ஞாயிறு தங்கை வீட்டில் குண்டு ஓடிவந்தாள். என் வயிற்றில் காதை வைத்தாள். எடுக்கவே இல்லை.

"பெரியம்மா."

"என்னடா?"

"உனக்கு எதுக்கு? எனக்குக் குடுத்துடு."

மணி பார்த்தேன். 3:09.

காத்திருந்தேன்...

வரவில்லை.

திங்கள், சுழி.

செவ்வாய், சுழி.

நேற்று தங்கை போன் செய்தாள். மூச்சு வாங்கியது.

"அக்கா... குண்டு தூங்கறப்ப அவ வயித்துல கை வச்சேன். உள்ளேருந்து என்னமோ உதைக்குதுக்கா..."

"மணி என்ன?"

"மூணு பத்து."

பயப்படாதே என்று சொல்லத்தான் வாய் திறந்தேன்.

"அது என்னுது" என்று வந்தது.