சின்னத்துரை செல்வராசா பொரித்த ரோல்ஸ்

“நிறுவனத்தின் பெயர்: செல்வராசா ரோல்ஸ். உரிமையாளர்: சின்னத்துரை செல்வராசா. மேற்படி நிறுவனத்துக்கு வழங்கப்பட்டுள்ள எண் கீழே தரப்பட்டுள்ளது.”

மார்ச் மாதத்தில் ஒரு வியாழக்கிழமை சுவிஸ் தலைநகர் பேர்னிலிருந்து வந்த கடிதம் இது. தமிழாக்கம் என்னுடையது. மூலத்தில் ‘மதிப்புக்குரிய திருவாளர்’ என்று தொடங்குகிறது. எழுத்துப்பிழை இல்லை. முகவரி சரி. எண்ணும் சரி.

ஒரே ஒரு சிக்கல்...

சின்னத்துரை என்பவர் யாழ்ப்பாணத்தில் தபால் கந்தோரில் வேலை பார்த்தவர். காலமாகிவிட்டார். செல்வராசா என்பவர் ஓர்லிகோனில் எனக்கு நேர் மேல்மாடியில் குடியிருப்பவர். பார்சல் களஞ்சியம் ஒன்றில் வேலை. இந்த இருவரும் தம் வாழ்நாளில் ஒரு ரோல்ஸ்கூடப் பொரித்தது கிடையாது.

பொரிக்கிறவர் மலர்விழி. சின்னத்துரையின் மகள், செல்வராசாவின் மனைவி. கடிதம் வந்தது அவருக்குத்தான். ஆனால் கடிதத்துக்குள் அவர் எங்கே? முன்பக்கம் பார்த்தேன். பின்பக்கம் பார்த்தேன். இல்லை.

வழக்கமாக இந்த வாராந்தப் பத்தியில் பெயர்களை மாற்றித்தான் எழுதுவேன். இந்த முறை முடியாது — பெயர்தான் விஷயமே. திகதிகளை மட்டும் விட்டுவிடும்படி மலர்விழி கேட்டுக்கொண்டார். போன வாரம் நான் புதன்கிழமையைச் செவ்வாய் என்று எழுதிவிட்டதைப் பாசல் நகரிலிருந்து ஒரு வாசகி திருத்தியிருந்தார். ஆகவே திகதி போடாமல் எழுதுவது எனக்கும் கொஞ்சம் பாதுகாப்புத்தான்.

நடந்தது இதுதான். மலர்விழி ஒரு முதியோர் இல்லத்தின் சமையலறையில் வேலை செய்கிறார். அங்கே ஒருவருடைய பிரியாவிடைக்கு, கிழங்குக் கறியை உள்ளே வைத்துச் சுற்றிப் பொரிக்கும் நம் ஊர் ரோல்ஸ் செய்துகொண்டு போனார். அதைச் சாப்பிட்ட ஒருவரின் தம்பி, ஒரு கட்டடக்கலை அலுவலகத்தில் பெரிய ஆள். அவர்கள் அடிக்கடி ‘அப்பேரோ’ வைப்பார்கள். எல்லோரும் நின்றபடியே ஒரு கையில் கிளாஸும் மறு கையில் ஏதாவது கொறிப்பதற்குமாகச் சிரிக்கும் சுவிஸ் விருந்து அது. அதற்கு ரோல்ஸ் வேண்டுமாம்.

மலர்விழிக்குத் தலைகால் புரியவில்லை. ஆனால் அந்த அலுவலகத்தின் கணக்குப் பிரிவு ஒரு கேள்வி கேட்டது. “உங்கள் நிறுவன எண் என்ன?”

இந்த நாட்டில் தொழில் என்று ஒன்று செய்தால் அதற்குக் கூட்டரசு ஓர் எண் கொடுக்கும். முதலில் நாட்டின் மூன்று எழுத்து, பிறகு இலக்கங்கள். வரிக்காரருக்கும் அதுதான், சுங்கத்துக்கும் அதுதான், ஓய்வூதியக் காப்புறுதிக்கும் அதுதான். மனிதர்களுக்குச் சாதகக் குறிப்பு மாதிரி. சில இடங்களில் அது இல்லாவிட்டால் உங்கள் பில்லைத் திரும்பியும் பார்க்கமாட்டார்கள்.

ஒரு சனிக்கிழமை பின்னேரம் மலர்விழி மடிக்கணினியோடு என் வீட்டுக்கு வந்தார். கூடவே ஒரு தட்டு ரோல்ஸ். அதற்குப் பின்னால் செல்வராசா.

“அண்ணை, எனக்கு ஒரு நம்பர் எடுத்துத் தரவேணும்.”

“ரோல்ஸ் பொரிக்கிறதுக்கு பேர்னிலை என்ன நம்பர்?” என்றார் செல்வராசா, ஒரு ரோல்ஸைக் கடித்தபடி. “உது ஒரு பொழுதுபோக்கு, அண்ணை. ரெண்டு மாசத்திலை அலுத்துப்போம்.”

“நீங்கள் சாப்பிட்டிட்டுக் கதையுங்கோ,” என்றார் மலர்விழி.

நிறுவனத்தின் பெயரை அவர் ஏற்கெனவே முடிவுசெய்திருந்தார்: மலர் ரோல்ஸ். அவருடைய மகள் சின்னமும் வரைந்து கொடுத்திருந்தாள். ரோல்ஸ் ஒன்று, அதன் நுனியில் ஒரு பூ. பெட்டிகளில் ஒட்டுவதற்கு மாதிரி ஸ்டிக்கர்கூட வந்துவிட்டது. மலர்விழி அதைக் கைபேசியின் பின்பக்கத்தில் ஒட்டியிருந்தார்.

விண்ணப்பம் அனுப்பினோம். சில நாள்களில், எண் கொடுக்கும் அரச அலுவலகத்திலிருந்து தொலைபேசி வந்தது. மலர்விழி ஸ்பீக்கரில் போட்டுக்கொண்டு என் கதவைத் தட்டினார். மறுமுனையில் மிகவும் மரியாதையான ஒரு பெண்மணி. பேசியது ஜெர்மனில், நான் தமிழில் தருகிறேன்.

“தனி ஒருவர் நடத்தும் தொழிலின் பெயரில் அவருடைய குடும்பப் பெயர் இருக்கவேண்டும். அது சட்டம். உங்கள் குடும்பப் பெயர் செல்வராசாதானே?”

“அது என் கணவரின் பெயர்.”

“ஆம். குடும்பப் பெயர்.”

“இல்லை. அவருடைய சொந்தப் பெயர்.”

“அப்படியானால் அவருடைய முதற்பெயர்?”

“பத்திரத்தில் கந்தையா. ஆனால் அது அவருடைய அப்பா.”

“அவருடைய அப்பாவும் இந்தத் தொழிலில் பங்குதாரரா?”

“இல்லை. அவர் செத்துப்போனார்.”

“என் அனுதாபங்கள். சரி... இந்த மலர் என்பவர் யார்?”

“மலர் நான்.”

“உங்கள் முதற்பெயர் சின்னத்துரை என்று இருக்கிறதே?”

“அது என்னுடைய அப்பா.”

“அவரும்...?”

“ஆம். அவரும்.”

“என் அனுதாபங்கள்,” என்றார் அந்தப் பெண்மணி இரண்டாம் முறையாக. பிறகு, மலர் என்று ஒருவர் பத்திரங்களில் இல்லாதபடியால் அந்தப் பெயரை விட்டுவிடுவது நல்லது, வேறு யாரோ உரிமையாளர் என்று மக்கள் குழம்பக்கூடும் என்று அன்பாகச் சொன்னார்.

யார் குழம்புவது?

தவறு யாருடையது என்றும் சொல்லமுடியாது. நம் ஆட்கள் அகதியாக வந்திறங்கியபோது பெயரைக் கேட்டார்கள். நாங்கள் எழுதுகிற முறையில் எழுதினோம்: தகப்பன் பெயர் முன்னால், தன் பெயர் பின்னால். அவர்கள் தங்கள் முறையில் வாசித்தார்கள்: பின்னால் இருப்பது குடும்பப் பெயர். அவ்வளவுதான். கந்தையாவின் மகன் செல்வராசா, திருவாளர் செல்வராசா ஆனார்; முதற்பெயர் கந்தையா. களஞ்சியத்தில் எல்லோரும் அவரைக் கந்தையா என்றுதான் கூப்பிடுகிறார்கள். “அப்பாவைத்தான் கூப்பிடுறாங்கள், நான் போய் வேலையைச் செய்யிறன்,” என்பார்.

மலர்விழி இன்னும் ஒருபடி மேல். வந்தபோது சின்னத்துரை மலர்விழி. அதாவது முதற்பெயர் சின்னத்துரை, குடும்பப் பெயர் மலர்விழி. பிறகு, கணவரின் குடும்பப் பெயர்தான் மனைவிக்கும் என்று அந்தக் காலத்து முறைப்படி மலர்விழியை வெட்டிவிட்டுச் செல்வராசாவைப் போட்டார்கள். தகப்பன் முன்னால், புருசன் பின்னால். நடுவில் இருந்த ஆள் காணாமல் போய்விட்டார். முதியோர் இல்லத்தில் அவரைச் ‘சின்னா’ என்று கூப்பிடுகிறார்கள். அழகான பெயராம்.

“ஏன் அண்ணை குடும்பப் பேர் கட்டாயம்?” என்று கேட்டார் மலர்விழி, அன்று பின்னேரம் செல்வராசாவோடும் ஒரு தட்டு ரோல்ஸோடும் மறுபடி வந்து.

“ஏதாவது பிழை நடந்தா ஆரைப் பிடிக்கிறது எண்டு தெரியவேணுமல்லோ,” என்றேன்.

“அப்ப ரோல்ஸ் பழுதாப்போனா இவரையோ பிடிப்பினம்?”

செல்வராசா மென்றுகொண்டிருந்ததை நிறுத்தினார்.

விருந்து நெருங்கிக்கொண்டிருந்தது. எண் இல்லாவிட்டால் ஓடர் இல்லை. “சரி, செல்வராசா ரோல்ஸ் எண்டே போடுங்கோ,” என்றார் மலர்விழி. கைபேசியின் பின்பக்கத்திலிருந்த ஸ்டிக்கரை அவர் நகத்தால் சுரண்டியபோது நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்படித்தான் அந்தக் கடிதம் வந்தது.

விருந்து சிறப்பாக நடந்தது. நன்றிக் கடிதமும் வந்தது — “அன்புள்ள திருவாளர் செல்வராசா, உங்கள் ரோல்ஸ் அபாரம்.” பெட்டிகளைப் பார்த்த தமிழ்க் கடைக்காரர் செல்வராசாவை மறித்தார். “என்ன அண்ணை, கொம்பனி திறந்திட்டியளாம்?”

முதல் நாள் செல்வராசா, “சீச்சீ, அது மனுசியின்ர வேலை,” என்றார். அடுத்த கிழமை, “ஓம், சும்மா சின்னனாத் தொடங்கியிருக்கிறம்,” என்றார். அதற்கடுத்த கிழமை நானே பக்கத்தில் நின்று கேட்டேன்: “இந்தமுறை மிளகு கொஞ்சம் கூட்டியிருக்கிறன்.”

கூட்டியிருக்கிறன்!

வீட்டிலும் ஆலோசனைகள் ஆரம்பமாயின. எண்ணெய் காணாது, கிழங்கு கூடிப்போச்சு, நிறம் வரேல்லை. மலர்விழி ஒன்றும் சொல்லவில்லை. மனைவி ஒன்றும் சொல்லாத வீட்டில் வாழ்ந்தவர்களுக்கு அதன் பொருள் தெரியும்.

ஏப்ரலில் அந்த அலுவலகம் மறுபடியும் எழுதியது. இம்முறை பெரிய விருந்து. ஒரு சின்ன வேண்டுகோளும் இருந்தது: ரோல்ஸ் சுற்றுவதையும் பொரிப்பதையும் திருவாளர் செல்வராசா விருந்தினர் முன்னால் செய்து காட்டமுடியுமா?

மலர்விழி வாசித்தார். கைபேசியைக் கணவரின் தேநீருக்குப் பக்கத்தில் வைத்தார்.

“உங்களைத்தான் கேட்டிருக்கினம். உங்கட கொம்பனி. போட்டு வாங்கோ.”

“பகிடி விடாதையும், மலர்.”

“பகிடியில்லை. மிளகு கூட்டுறனீங்கள்தானே? கூட்டிக் காட்டுங்கோ.”

அடுத்த ஞாயிறு மேல்மாடியில் புகை. அலாரம் அடித்தது. கொஞ்ச நேரத்தில் செல்வராசா என் வாசலில் நின்றார், தலைமயிரில் ரஸ்க் தூளோடு.

“அண்ணை, எண்ணெய்க்குள்ள எல்லாம் பிரிஞ்சு போச்சு. நான் கட்டின பார்சல் ஒண்டுகூட இண்டுவரைக்கும் பிரிஞ்சதில்லை, தெரியுமோ? உந்தப் பேரை மாத்த ஏதும் வழி இருக்கோ?”

சட்டப் புத்தகத்தின் கடைசிப் பக்கங்களை, யாரும் போகாத மூலைகளை, வாசிக்கும் கெட்ட பழக்கம் எனக்கு உண்டு. அங்கே ஒரு விதி இருந்தது. பழைய முறைப்படி கலியாணத்தால் பெயர் மாறியவர்கள், சிவில் பதிவு அலுவலகத்தில் ஓர் அறிவிப்புக் கொடுத்துவிட்டுத் தங்கள் கன்னிப் பெயருக்குத் திரும்பலாம்.

மலர்விழியையும் கூப்பிட்டுச் சொன்னேன். “பிள்ளை, உம்மட கலியாணத்துக்கு முந்தின குடும்பப் பேர் என்ன?”

அவர் சிறிது யோசித்தார். பிறகு மெதுவாக, “மலர்விழி,” என்றார்.

எந்தத் தவறு அவரைத் தூக்கி எறிந்ததோ, அதே தவறு அவரை எங்கோ ஒரு மூலையில் பத்திரமாக வைத்திருந்திருக்கிறது. அவருடைய சொந்தப் பெயரே அவருடைய குடும்பப் பெயர். அது திரும்பி வந்தால் தொழிலுக்கும் அதையே வைக்கலாம். எண் மாறாது. பெயர் என்ன ஆனாலும் அந்த எண் அப்படியே இருக்கும்.

“அப்ப விவாகரத்தோ?” என்று கேட்டார் செல்வராசா, முகம் வெளிறி.

“பேர் மட்டும்தான்.”

“அப்பாடா.”

“முதற்பேர்?” என்றார் மலர்விழி.

“அது சின்னத்துரையாத்தான் இருக்கும். அதை மாத்திறது வேறை வேலை.”

“அப்பா இருக்கட்டும். அவருக்கு ரோல்ஸ் பிடிக்கும்.”

ஆனால் விருந்து அதுவரை காத்திருக்குமா? குறித்த நாளில் இருவரும் போனார்கள். நானும் எடுபிடியாகப் போனேன். மலர்விழி மேசைக்குப் பின்னால் நின்று சுற்றினார், முட்டையில் தோய்த்தார், தூளில் புரட்டினார், பொரித்தார். செல்வராசா வெள்ளைச் சட்டையோடு தட்டை ஏந்தி நின்றார். அலுவலகத்தின் பெரியவர் நேரே வந்து அவருடைய கையைக் குலுக்கினார்.

“திருவாளர் செல்வராசா, நீங்கள் ஒரு கலைஞர்.”

இப்போதும் மிளகைப் பற்றிச் சொல்லப்போகிறாரோ?

செல்வராசா தட்டை மற்றக் கைக்கு மாற்றினார். மனைவியைத் திரும்பிப் பார்த்தார். பிறகு தன்னுடைய களஞ்சிய ஜெர்மனில், நிதானமாகச் சொன்னார்:

“நான் குடும்பப் பெயர் மட்டும்தான். கலைஞர் அங்கே நிற்கிறார்.”

மலர்விழி தலை நிமிரவில்லை. ஆனால் அடுத்த ரோல்ஸை, “இது உங்களுக்கு,” என்று செல்வராசாவின் தட்டில் வைத்தார்.

இனி, என் வழக்கப்படி ஒரு குறிப்பு. நான் கண்டெடுத்த விதி, இவர்களைப்போல யாழ்ப்பாணத்தில் ‘எழுத்து எழுதி’, அதாவது அங்கேயே பதிவுசெய்து, கலியாணம் செய்தவர்களுக்கும் பொருந்துமா? பதிவு அலுவலகத்தில் கேட்டிருக்கிறோம். பதில் வரவில்லை. ஆகவே இதை ‘உறுதிப்படுத்தப்படவில்லை’ என்றே எழுதிவைக்கிறேன்.

அதுவரை பெட்டிக்கு மேலே செல்வராசா, உள்ளே மலர்விழி.