நல்லாப் போகும்போது நிறுத்திய அத்தான்

எங்கள் அத்தான் எங்களைப் பிரிந்து ஓராண்டு ஆகிவிட்டது. அக்காவின் கணவர் என்பதால் இந்த நினைவு மலரில் அவரைப் பற்றி எழுதும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. "இசை மேதை, இனிய பண்பாளர்னு போட்டு முடிச்சிரு" என்றான் தம்பி. இனிய பண்பாளர் என்பதை ஒப்புக்கொள்கிறேன். மேதையா என்பது எனக்குத் தெரியாது. அவருடைய பாட்டு ஒன்றையாவது முழுதாகக் கேட்டிருந்தால் அல்லவா சொல்வதற்கு!

அத்தான் நெதர்லாந்தில் ஒரு கடலோரச் சிற்றூரில் பிறந்தவர். தந்தையார் தேவாலயத்தில் ஆர்கன் வாசித்தவர். மகனும் அதே இருக்கையில் அமர்வார் என்று வீட்டார் காத்திருக்க, அவர் ஜாஸ் பக்கம் போனார். அங்கும் நேர்வழி பிடிக்கவில்லை. சொந்தமாக ஓர் இசைக்குழு அமைத்து, கைச்சாடையாலேயே அதை நடத்தினார். விரலைக் காட்டினால் ஒருவர் மட்டும் வாசிக்க வேண்டும். இரு கைகளையும் விரித்தால் ஆளுக்கொரு பக்கம் போக வேண்டும். உள்ளங்கையைத் தூக்கினால் எல்லாம் அப்படியே நின்றுவிட வேண்டும். பாட்டு எப்போது நன்றாக வருகிறதோ, அப்போது பார்த்துத்தான் உள்ளங்கையைத் தூக்குவார். பத்திரிகைகள் புகழ்ந்தன. கேட்க வந்தவர்களில் பாதிப் பேர் இடைவேளையோடு வீட்டுக்குப் போனார்கள். இதை அவர் சிரித்துக்கொண்டே சொல்வார். ஆனால் உள்ளுக்குள் வலித்தது என்று அக்கா சொல்வார்.

அங்கே ஒரு முதியோர் இல்லத்தில் அக்கா தாதியாக வேலை செய்தார். அங்கிருந்த தம் தாயாரைப் பார்க்க வந்துபோன இடத்தில்தான் அத்தான் அக்காவைச் சந்தித்தார். மணமுடித்துப் பல ஆண்டுகள் அங்கேயே வாழ்ந்தார்கள். குழு கலைந்த பிறகு இலங்கை மலையகத்தில் எங்கள் ஊரான லிந்துலைக்கு வந்து, எங்கள் தேயிலைத் தோட்டத்துக்குக் கீழே ரோட்டோரமாக வீடு கட்டினார்கள். இனி ஓய்வெடுப்பார் என்று நம்பினோம். வந்த வேகத்தில் தோட்டத்தில் தப்புப் பறை அடிக்கும் கருப்பையா அண்ணனின் குழுவையும் கோயில் நாதஸ்வரக்காரரையும் சேர்த்து மறுபடியும் ஆரம்பித்துவிட்டார்.

"நல்லாப் போகுதுல்ல? நிறுத்துங்க!"

அக்காவிடம் கற்ற தமிழில் அவர் அதிகம் சொன்னது இதைத்தான். நான் தொடையில் தாளம் போட ஆரம்பிப்பேன், அறுந்துவிடும். எரிச்சலாக வரும்.

வினை வேறிடத்திலிருந்து வந்தது. ஒருநாள் ஒத்திகையில் கருப்பையா அண்ணன் சாவுத் தப்பை அடித்துக் காட்டினார். தோட்டத்தில் யாராவது இறந்தால் அடிப்பது அது. காதில் விழுந்தவர்கள் கைவேலையைப் போட்டுவிட்டு வருவது இங்கே வழக்கம். மேல்மலையில் கொழுந்தெடுத்துக்கொண்டிருந்த பெண்கள் பதறி இறங்கி வந்தார்கள். "யாருங்க போயிட்டாங்க?" என்று பாக்கியம் அக்கா மூச்சிரைக்கக் கேட்டார். அத்தான் நாற்காலிகளை எடுத்துப் போட்டு, "வாங்க, உக்காருங்க!" என்றார். பாட்டுக் கேட்க வந்த கூட்டம் என்று நினைத்துவிட்டார்.

எங்கள் அக்கா அவருக்கு எடுத்துச் சொன்னார். "அது ஆளு போனா மட்டும் அடிக்கிறதுங்க. வேணாம்."

"எங்க ஊர்ல என் பாட்டைக் கேட்டா எந்திரிச்சுப் போவாங்க. இதைக் கேட்டா வர்றாங்க" என்றார் அத்தான்.

அதற்குப் பிறகு அவரை யார் தடுப்பது? ஒத்திகைக்கு ஒத்திகை சாவுத் தப்பு, அது நன்றாக ஏறும் இடத்தில் உள்ளங்கை. புலி வருது கதையாகிவிடும் என்று நான் தலையில் அடித்துக்கொண்டேன். சொன்னபடியே மலையிலிருந்து யாரும் வராமல் போனார்கள். "பாட்டுத் தொரை ஆரம்பிச்சிட்டாரு" என்று சிரித்துவிட்டுக் கொழுந்தெடுத்தார்கள். கருப்பையா அண்ணனோடு சண்டைக்கே போனேன். "நம்ம தப்பை இவ்வளவு மரியாதையாக் கேட்ட ஆளு வேற யாரும்மா?" என்றார்.

சென்ற ஆண்டு பெருமழை இரவொன்றில் நெஞ்சுவலி வந்து, வாகனம் வருமுன்பே அத்தான் காலமானார். மண்சரிந்து பாதை அடைபட்டிருந்தது. மின்சாரமும் இல்லை, போனும் வேலை செய்யவில்லை. காலையில் மழை விட்டதும் கருப்பையா அண்ணன் வந்து தப்படித்தார். ஒருவரும் இறங்கி வரவில்லை.

அக்கா வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். "இன்னைக்குமா யாரும் வரல?" என்று அவர் கேட்டபோது, இறந்தவர்மேல் எனக்குக் கோபம்தான் வந்தது. அதை மறைக்க விரும்பவில்லை. நானே மேலே போய்ச் சொல்லிவிட்டு வருகிறேன் என்று கிளம்பினேன். கருப்பையா அண்ணன் விடவில்லை.

"சாவுக்கு வீட்டு ஆளு போயிக் கூப்பிடக் கூடாதும்மா. தப்புதான் சொல்லணும். நாங்க நிறுத்தல, நீங்க உள்ள போங்க."

மேல்மலையில் நடந்ததைப் பாக்கியம் அக்கா பிறகு சொன்னார். இப்போது நின்றுவிடும், இப்போது நின்றுவிடும் என்று பேசிக்கொண்டே கொழுந்தெடுத்தார்களாம். தப்பு நன்றாக ஏறியது, மேலும் ஏறியது, அறுபடவே இல்லை. "என்னாடி, இன்னும் நிக்கல?" என்று ஒருத்தி கேட்க, பாக்கியம் அக்கா கூடையை இறக்கி வைத்தாராம்.

"நிறுத்துறதுக்கு ஆளு இல்லடி. வாங்க."

மலையே இறங்கி வந்தது. எங்கள் வீட்டு நாற்காலிகள் போதவில்லை.

குழி வெட்டியவர்களுக்கும், சேற்றில் பாடை சுமந்தவர்களுக்கும், அக்காவைத் தனியே விடாமல் உடனிருந்த பெண்களுக்கும், கை ஓயாமல் தப்படித்தவர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. தாமதமாக வந்தவர்களுக்கும் நன்றி. அந்தப் பழி அத்தானுடையது, உங்களுடையது அல்ல.

இன்றைய திவசத்துக்கும் தப்பு வேண்டுமா என்று கருப்பையா அண்ணன் கேட்டிருந்தார். அக்கா சொன்ன பதிலை உங்களுக்குத் தெரிவித்துவிடுகிறேன். நடுவில் யாரும் எழுந்து என்ன ஆயிற்று என்று கேட்டுவிடக் கூடாது அல்லவா?

"அடிங்கண்ணே. நல்லாப் போறப்ப நிறுத்திருங்க."