விருந்தாளியிடம் கேட்காத கேள்வி

நாரின் என்னும் மலை மாவட்டத்தில் ஒஸ்மோன் வெட்டிய நிலக்கரி எரியாத அடுப்பு கிடையாது. சுரங்கம் என்று யாராவது சொன்னால் அவருக்கே சிரிப்பு வரும். மலையைக் குடைந்த ஒரு பொந்து, மூட்டை சுமக்க ஒரு கழுதை, அவ்வளவுதான். ஆனால் அதற்கு அரசாங்க அனுமதி இருந்தது. அதை வாங்க அவர் நடந்த நடைக்கு அந்த மலையையே பெயர்த்து வீட்டுக்குக் கொண்டுவந்திருக்கலாம்.

இலையுதிர் காலத்தில் ஒருநாள் ஜீப் வந்து நின்றது. இறங்கியவர் எர்லன், மாவட்டக் கனிமத் துறை ஆய்வாளர், சின்ன வயதுக்காரர். எதற்கு வந்தீர்கள் என்று ஒஸ்மோன் கேட்கவில்லை. வந்தவர் சாப்பிட்டு எழுந்திருக்கும் முன்னால் அதைக் கேட்டால் ஊர் காறித் துப்பும். ஆட்டை அறுத்தார். மனைவி ரக்கியா ரொட்டி சுட்டாள். விருந்தாளிக்கே உரியதென்று வெந்த ஆட்டுத்தலையை எர்லன் முன்னால் வைத்தார்கள்.

பாதிச் சாப்பாட்டில் எர்லன் பேச்சை எடுத்தார். "பெரியவரே, வடக்குச் சரிவுல புதுசா ஒரு சுரங்கம் தோண்டியிருக்கு. உங்க எல்லைக்கு வெளியில. அதப் பத்தி ஏதாவது சொல்லணுமா?"

அது தோண்டியது காண்ட்ராக்டர் தாலந்தின் ஆட்கள் என்று ஒஸ்மோனுக்குத் தெரியும். ஆனால் ரொட்டி முன்னால் உட்கார்ந்து அடுத்தவன் மேல் கோள் சொல்வதா?

"முதல்ல சாப்பிடுங்க தம்பி. கறி ஆறுது. பேச்சு எங்க ஓடிப்போயிடப் போகுது?"

பேச்சு ஓடித்தான் போனது. சாப்பிட்டு முடித்ததும் எர்லனுக்குப் போன் வந்தது, அவசரமாகக் கிளம்பிவிட்டார். "நல்ல பையன், வெட்கப்படாம சாப்பிட்டான்" என்றார் ஒஸ்மோன்.

கொஞ்ச நாளில் ஒஸ்மோனின் குழி வாசலில் சீல் விழுந்தது. எல்லை மீறித் தோண்டினார், விளக்கம் சொல்ல வாய்ப்புக் கொடுத்தும் எதுவும் சொல்லவில்லை என்பது உத்தரவு. எர்லன் எழுதியதில் பொய் ஒரு சொல் இல்லை. கதை சொல்லும் எனக்கு வயிறு எரிவதே அதனால்தான்.

ஒஸ்மோன் மேல்முறையீட்டுக்குப் போனார். அங்கே இருந்த பெண் அதிகாரி கேட்டார்: "அவர் கேட்டாரா, இல்லையா?"

"கேட்டாரும்மா. வாயில கறியோட கேட்டாரு."

"அப்பவே சொல்லியிருக்கலாமே?"

"அது விசாரணைன்னு யாரு சொன்னா? வாசல்ல ஒரு வார்த்தை சொல்லியிருந்தா ஆட்டை மறுநாள் அறுத்திருப்பேனே!"

அந்த அம்மாள் சிரிக்கவில்லை. குற்றச்சாட்டை முன்கூட்டியே தெரிவிக்காமல் நடந்தது விசாரணையே இல்லை, மறுபடி விசாரியுங்கள் என்று எழுதினார். நல்ல மனுஷிதான். ஆனால் அதற்குள் பனி விழுந்து மலைப்பாதை அடைபட்டுப்போனது.

வசந்தத்தில் எர்லன் வந்தார். ஒஸ்மோன் அவரை வாசலிலேயே நிறுத்திப் பேசினார். டீ கூட இல்லை. ரக்கியா உள்ளே அவமானத்தில் அழுதாள். வடக்குச் சரிவுக்கு எர்லனைக் கூட்டிப்போய், தாலந்தின் லாரிகள் போன தடத்தையும் அவன் ஆட்கள் போட்ட கொட்டகையையும் காட்டினார்.

எர்லன் தலைகுனிந்தார். "நீங்க தோண்டலதான். எதுக்கு வந்தேன்னு நான் மொதல்லயே சொல்லியிருக்கணும் பெரியவரே."

சீலை வெட்டினார்கள். குளிர்காலம் முழுக்கத் தண்ணீரை இறைக்க ஆளில்லை, கூரையைத் தாங்கும் முட்டுக்கட்டைகளை மாற்ற ஆளில்லை. பத்தடி உள்ளே கூரை இடிந்து வழியே இல்லாமல் கிடந்தது. அனுமதி திரும்பி வந்தது, குழிதான் இல்லை. தாலந்த் அபராதம் கட்டித் தன் சுரங்கத்துக்கு முறையாகவே அனுமதி வாங்கிக்கொண்டான்.

அடுத்த குளிரில் ரக்கியா அவனிடமிருந்து ஒரு மூட்டைக் கரி வாங்கி வந்தாள். "திட்டாதீங்க. வேற எங்க போவேன்?" என்றாள்.

அவர் திட்டவில்லை. அடுப்பு நன்றாகவே எரிந்தது. கிட்டே வந்து உட்காரச் சொல்லி அவள் எத்தனையோ தரம் கூப்பிட்டாள். ஒஸ்மோன் ஆட்டுத்தோல் கோட்டைக் கழற்றாமல், கைகளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, கதவோரமாகவே உட்கார்ந்திருந்தார்.