பீபி நாச்சியாருக்கு உடை தைத்தவள்

ஜான்ஸி ராணியின் அக்குளை முகர்ந்து பார்த்த மகேஸ்வரி முகத்தைச் சுளித்தாள். “இவள ரெண்டு தடவ அலசோணும்” என்று முணுமுணுத்துக்கொண்டே அந்தச் சிவப்பு வெல்வெட் கோட்டைச் சோப்புத் தண்ணீர் வாளியில் அமுக்கினாள். அடுத்தது ஓபவ்வா. கண்டாங்கிச் சேலையின் முந்தானையில் யாரோ ஐஸ்கிரீம் வைத்த கையைத் துடைத்திருந்தார்கள். ஆண்டாளின் சாய்ந்த கொண்டை ஒரு பக்கம் நசுங்கிக் கிடந்தது. அதற்குள் பழைய துணியைத் திணித்துத் தட்டி நிமிர்த்தினாள்.

மைசூரு லஷ்கர் மொகல்லாவில் ஒரு சைக்கிள் கடைக்கு மேலே இருக்கிறது அவளுடைய ஃபேன்ஸி டிரஸ் கடை. பள்ளிக்கூட நாடகம், மாறுவேடப் போட்டி, தசரா ஊர்வலம், கிறிஸ்துமஸ் குடில் எதுவானாலும் உடை வாடகைக்குக் கிடைக்கும். ஆண் வேடங்களும் உண்டு. ஆனால் காந்திக்கும் கிருஷ்ணனுக்கும் உள்ளே ஒரு மூலைதான். வாசலைப் பார்த்து வரிசையாகத் தொங்குகிறவர்கள் எல்லாம் பெண்கள்.

அவள் உடையை உடை என்று சொல்லிக் கேட்டவர் கிடையாது. யாராவது போன் செய்தால், “ஓபவ்வா வாஷிங்குல இருக்கறா, நாளைக்கு வாங்க” என்பாள். “மேரி மாதா வந்துட்டாங்க, ஆனா நீலத் துப்பட்டா இன்னும் காயல.” வெளியே நின்று கேட்கிறவர்களுக்கு, வீட்டில் ஒரு பெரிய குடும்பமே தங்கியிருப்பதாகத் தோன்றும்.

இன்னொரு வழக்கமும் உண்டு. வேடம் போடப்போகிற பெண்பிள்ளை நேரில் வரவேண்டும். அளவெடுப்பதற்காக என்பாள். அளவு எடுத்து முடித்ததும், பிள்ளையின் தோளில் கையை வைத்துக்கொண்டு கேட்பாள்.

“சொல்லு கண்ணு. இவ என்ன பண்ணுனா?”

பெரும்பாலான பிள்ளைகள் சண்டை போட்டாள் என்று சொல்லும். “சண்ட எல்லாருந்தான் போடறாங்க. எதுக்குப் போட்டா?” என்று அடுத்த கேள்வி வரும். பதில் தெரியாவிட்டாலும் உடை கிடைக்கும். பிள்ளை சொல்லாததை அவளே சொல்லி அனுப்புவாள். சித்ரதுர்கா கோட்டைச் சந்துக்குள் நுழைந்த எதிரிகளை உலக்கையால் அடித்து வீழ்த்திய ஓபவ்வாவைப் பற்றி அவளுக்குப் பிடித்த விஷயம், சாப்பிட்டுக்கொண்டிருந்த புருஷனைப் பாதியில் எழுப்பாமல் தானே போனதுதான். மேரி மாதாவைப் பற்றிக் கேட்டால், தேவதூதன் வந்து பயப்படாதே என்று சொன்னதும் பயப்படாமல் இருந்தாளே, அது லேசான காரியமா என்பாள். அக்க மகாதேவியின் கதை வரும்போது மட்டும் அவளுக்குச் சிரிப்பு வந்துவிடும். ராஜாவின் அரண்மனையையும் உடுத்திய துணியையும் உதறிவிட்டு, கூந்தலால் உடம்பை மூடிக்கொண்டு கடவுளைத் தேடிப் போனவள். பள்ளிக்கூடத்தில் அப்படியா அனுப்ப முடியும்? “துணியே வேண்டாமுன்னு போனவளுக்கு நாந்தான் வெள்ளச் சேல தச்சு வெச்சிருக்கறேன்.”

இதையெல்லாம் அவள் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. வேடம் கேட்டு வருகிறவர்களிடமே கேட்டுக் கேட்டுச் சேர்த்தது. கன்னியாஸ்திரீ ஒருவரிடம் பாதி, கன்னட வாத்தியாரம்மாவிடம் மீதி. ஹனூர் பக்கத்துக் கிராமத்தில் பிறந்தவள். கொத்து வேலைக்காக மைசூருக்கு வந்த கணவனோடு வந்து, அவன் இறந்தபிறகு தையல் மிஷினை நம்பி இங்கேயே நின்றுவிட்டாள். கொஞ்சம் பேசினாலே கேள்வியில் வந்து முடிகிற நாக்கு அவளுக்கு.

இந்த மார்ச் மாதத் தொடக்கத்தில் விஜயநகரிலிருந்து அனகா தன் மகள் மேகனாவை அழைத்துக்கொண்டு வந்தாள். அனகாவின் குடும்பம் மேல்கோட்டையிலிருந்து வந்து மைசூரில் பல தலைமுறையாக இருக்கும் ஐயங்கார் குடும்பம். மேகனா நாலாம் வகுப்பு. மகளிர் தினத்துக்குப் பள்ளியில் வீரப் பெண்கள் என்று நிகழ்ச்சி வைத்திருந்தார்கள். ஆளுக்கொரு வேடம். மேகனா தேர்ந்தெடுத்த பெயரைக் கேட்டு டீச்சரே தயங்கியிருக்கிறார். எல்லோருக்கும் தெரிந்த ஆளாகப் பார்த்துப் போடச் சொல்லுங்கள், எதற்கு வம்பு என்று அனகாவிடம் சொல்லி அனுப்பியிருக்கிறார்.

“ஆண்டாள் இருக்கா இல்லியா? அத போட்டுக்கோன்னா கேக்கமாட்டேங்கறா,” என்றாள் அனகா. “பீபி நாச்சியார்தான் வேணுமாம்.”

மகேஸ்வரி அந்தப் பெயரைக் கேள்விப்பட்டதில்லை. அனகா சொன்னாள். டில்லி சுல்தானின் மகள். படையெடுப்பில் எடுத்துப்போன பெருமாள் விக்கிரகம் ஒன்று அரண்மனையில் அவளுக்கு விளையாட்டுப் பொம்மையாகக் கிடைத்தது. பொம்மையாக ஆரம்பித்தது பிரியமாகிவிட்டது. ராமானுஜர் போய் அந்தப் பெருமாளை மேல்கோட்டைக்கு மீட்டுக்கொண்டு வந்தபோது, பிரிந்திருக்க முடியாமல் அவளும் பின்னாலேயே வந்துவிட்டாள். வந்து பெருமாளோடு கலந்துவிட்டாள் என்பது கதை. கோயிலில் இன்றைக்கும் பெருமாள் பாதத்தில் அவளுக்கு இடம் உண்டு.

மேகனாவுக்குத் தமிழைவிடக் கன்னடம்தான் சுலபம். ஆனாலும் இந்த ஒன்றைத் தமிழில் சொன்னாள், சாமி என்பதை மட்டும் கன்னடத்தில். “அவளும் தேவரு தானே? கோயில்ல அம்மா கைகூப்பினாளே.”

மகேஸ்வரி வழக்கமான கேள்வியைக் கேட்கப்போகிறாள் என்று பார்த்தால், அனகாவிடம் வேறொன்று கேட்டாள்.

“அந்தப் புள்ளையோட அம்மா என்னங்க பண்ணுனாங்க?”

“யாரோட அம்மா?”

“சுல்தான் மகளோட அம்மாங்க. மக இப்பிடி வேற சாமி பின்னால போயிட்டா. பெத்தவ என்ன பண்ணுனாங்க?”

அனகாவுக்குத் தெரியவில்லை. சின்ன வயதிலிருந்து கேட்ட கதை. இப்படி ஒரு கேள்வி யாரும் கேட்டதில்லை, தானும் கேட்டதில்லை என்றாள். நாச்சியார் என்ன உடுத்தியிருப்பாள் என்பதும் அவளுக்குத் தெரியவில்லை. பூவும் துளசியுமாக மூடியிருக்கும், சரியாகப் பார்த்ததில்லை. “அப்ப நானே போயிப் பாத்துட்டு வாரேன்” என்று மகேஸ்வரி சொன்னாள். சொல்லிவிட்டு அன்று மாலை முழுவதும், ஏன் சொன்னோம் என்று யோசித்துக்கொண்டிருந்தாள்.

மேல்கோட்டை பஸ் ஸ்ரீரங்கப்பட்டணம் வழியாகப் போகும். அங்கேதான் அவளுடைய மகள் மனிஷா இருக்கிறாள். ஒரே மகள். மைசூர் ஹெப்பாளில் ஒரு தொழிற்சாலையில் வேலைக்குப் போனபோது, கம்பெனி பஸ்ஸில் உடன் வந்த சாதிக்கைப் பிடித்துப்போய்க் கல்யாணம் செய்துகொண்டாள். மதம் மாறி மரியம் என்று பெயரும் வைத்துக்கொண்டாள். யாரும் கட்டாயப்படுத்தவில்லை, எனக்கே மனசுக்கு வந்தது என்று தாயிடம் வந்து சொல்லிவிட்டுத்தான் போனாள். மகேஸ்வரி கத்தவில்லை, சாபம் கொடுக்கவில்லை. அன்றைக்குத் தைத்துக்கொண்டிருந்த துணியிலிருந்து தலையைத் தூக்கவே இல்லை. ஆறு வருஷமாயிற்று. ஒவ்வொரு தீபாவளிக்கும் பொங்கலுக்கும் மனிஷா போனில் படம் அனுப்புவாள். பச்சை கேட் போட்ட ஒரு வீடு, அதன் முன்னால் அவள். மகேஸ்வரி படத்தைப் பெரிதாக்கிப் பார்ப்பாள். பதில் அனுப்பமாட்டாள். பாலாற்றைத் தாண்டித் தமிழ்நாட்டுப் பக்கம் இருக்கும் கணவன் வீட்டுச் சொந்தத்தில் யாராவது மகளைப் பற்றி விசாரித்தால், வெளியூரில் இருக்கிறாள் என்பதோடு நிறுத்திக்கொள்வாள்.

அன்று பஸ் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் நின்றபோது மகேஸ்வரி கண்ணை மூடிக்கொண்டாள். தூங்குகிறவள் மாதிரித் தலையையும் சாய்த்துக்கொண்டாள். பஸ் கிளம்பி ஊரைத் தாண்டும்வரை திறக்கவில்லை.

மேல்கோட்டைக் கோயிலில் கூட்டம் இல்லை. எட்டிப் பார்த்தாள். அனகா சொன்னது சரிதான். பூதான் தெரிந்தது. தீபாராதனை காட்டியபோது பூவுக்கு நடுவே ஏதோ சின்னதாக மின்னியது. அர்ச்சகரிடம், அம்மன் உடுத்தியிருப்பது பாவாடையா சேலையா என்று கேட்டாள். வந்த வேலையைச் சொன்னதும் அவர் சிரித்து, அந்தக் காலத்து டில்லிப் பெண் என்ன உடுத்துவாளோ அதைத் தையுங்கள் என்றார். அவள் நகரவில்லை. அந்தப் பெண்ணின் அம்மாவைப் பற்றிக் கேட்டாள். அப்பா மனம் கேட்காமல் அவள் பின்னால் ஆள் அனுப்பினார் என்று ஒரு வழக்கு உண்டு, அம்மாவைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லையே என்றார் அர்ச்சகர். துளசி கொடுத்தார். அவள் அதை முந்தானையில் முடிந்துகொண்டு படியிறங்கினாள்.

திரும்பும்போதும் ஸ்ரீரங்கப்பட்டணம் வந்தது. இந்தத் தடவை கண்ணை மூடவில்லை. கண்டக்டர் ஊர்ப் பெயரைக் கூவினார், அவள் முன்சீட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு பாதி எழுந்தாள், பிறகு உட்கார்ந்துவிட்டாள்.

உடையைத் தைக்க உட்கார்ந்தவளை நாலு பேர் வந்து கூப்பிட்டும் எழுப்ப முடியவில்லை. இளம்பச்சைப் பட்டில் நீளப் பாவாடை, முழுக்கை மேல்சட்டை, சரிகை வைத்த முக்காடு. எல்லாம் முடிந்து தேய்த்து மாட்டிவிட்டுக் கொஞ்சநேரம் பார்த்தாள். திருப்தி இல்லை. கழற்றி, பாவாடையின் கீழ்ப்பகுதியை மட்டும் கெட்டியான டீத்தண்ணீரில் முக்கினாள். காய்ந்ததும் வாசல் புழுதியை வைத்துத் தேய்த்தாள். வாங்கிப்போக வந்த அனகா திடுக்கிட்டுப் போனாள்.

“புதுத் துணிய ஏன் இப்படிப் பண்ணிட்டேள்?”

“டில்லியில இருந்து வந்திருக்கறாளுங்க,” என்றாள் மகேஸ்வரி. “சுத்தமாவா வந்து சேர்ந்திருப்பா?”

நிகழ்ச்சிக்கு அவள் எப்போதும் போவதில்லை. இதற்குப் போனாள். கடைசி வரிசையில் நின்றாள். ஜான்ஸி ராணிகள் நிறைய வந்தார்கள். தகர வாள்கள் மேடையில் விழுந்து சத்தம் போட்டன. பிறகு பீபி நாச்சியார் என்று அறிவித்தார்கள். மேகனா வந்து நின்றாள். டீச்சர் எழுதிக்கொடுத்த பேச்சு முதல் வரியிலேயே மறந்துபோயிற்று. கையில் வைத்திருந்த சின்னப் பெருமாள் பொம்மையை மார்போடு அணைத்துக்கொண்டு திருதிருவென்று விழித்தாள். மகேஸ்வரிக்கு முன்னால் உட்கார்ந்திருந்த பெண், இதெல்லாம் இப்போ எதுக்கு என்று பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள். மகேஸ்வரி குனிந்து, “கோயில்ல இருக்கறவதானுங்க” என்றாள். அந்தப் பெண் திரும்பிப் பார்த்துவிட்டு மறுபடி மேடைப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

மேடையில் மேகனா குனிந்து தன் பாவாடை ஓரத்தைப் பார்த்தாள். அழுக்கைப் பார்த்ததும் ஏதோ ஞாபகம் வந்தவள்போல நிமிர்ந்து, எழுதிக்கொடுக்காத ஒன்றைக் கன்னடத்தில் சொன்னாள். “நடெதே பந்தே.” நடந்தே வந்தேன். அவ்வளவுதான். இறங்கிப் போய்விட்டாள். சிலர் கை தட்டினார்கள், சிலர் தட்டவில்லை. பரிசு வழக்கம்போல ஒரு ஜான்ஸி ராணிக்குப் போயிற்று. துவைக்காத துணியையா வாடகைக்குக் கொடுக்கிறார்கள் என்று டீச்சர் அனகாவிடம் கேட்டாராம்.

மறுநாள் மகேஸ்வரி கடையைத் திறக்கவில்லை. மத்தியான வெயிலில் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் பஸ்ஸை விட்டு இறங்கினாள். முகவரி இல்லை. பச்சை கேட் மட்டும் தெரியும், கும்பஸ் தெரு என்று மனிஷா எப்போதோ எழுதியிருந்த நினைவு. அந்தத் தெரு முனைப் பெட்டிக்கடையில், மனிஷா வீடு எது என்று கேட்டாள். கடைக்காரருக்கு அப்படி யாரையும் தெரியவில்லை. மைசூர்ப் பொண்ணு, ஒல்லியாக இருப்பாள் என்றாள். தெரியவில்லை. வெற்றிலை வாங்க வந்த ஒரு அம்மாளும் உதட்டைப் பிதுக்கினார். மகேஸ்வரி தெருவைப் பார்த்தாள், வந்த வழியைப் பார்த்தாள். பிறகு, அதுவரை ஒருநாளும் வாயால் சொல்லாத பெயரைச் சொன்னாள்.

“மரியம். சாதிக்கோட சம்சாரம் மரியம். நா அவ அம்மா.”

அந்த அம்மாளே கூட்டிக்கொண்டுபோய் விட்டார். கதவைத் திறந்தவள் மனிஷா. முக்காட்டுக்குள் முகம் இளைத்திருந்தது. உதடு வறண்டிருந்தது. இருவரும் அழவில்லை. வெயில்ல வந்திருக்கியே, உள்ள வாம்மா என்று சொல்லிவிட்டு மனிஷா ஓடிப்போய்ப் பானைத் தண்ணீரை டம்ளர் நிறைய மொண்டு வந்தாள். மகேஸ்வரிக்கு நாக்கு அண்ணத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது. வாங்கி வாயருகே கொண்டுபோனவள் நிறுத்தினாள்.

“நீ குடிக்கல?”

“எனக்கு நோன்பும்மா. ரம்ஜான் மாசம். சாயங்காலம் பாங்கு சொன்னாத்தான் தண்ணி. நீ குடி.”

மகேஸ்வரி டம்ளரைப் பார்த்தாள், மகளின் உதட்டைப் பார்த்தாள். பக்கத்தில் இருந்த ஒரு சின்னத் தட்டை எடுத்து டம்ளரை மூடி ஜன்னல் மேடையில் வைத்தாள். சுவரில் சாய்ந்து, காலை நீட்டி வசதியாக உட்கார்ந்துகொண்டு கேட்டாள்.

“பாங்கு எத்தன மணிக்குச் சொல்லுவாங்க?”