தாமதமாக ஒலித்த யானை எச்சரிக்கை

மாட்டுப்பட்டிக்கு மேலே ஒரு தேயிலை எஸ்டேட்டுக்காக யானை எச்சரிக்கை ஆப் எழுதினேன். எல்லா வகை போனிலும் ஓடுவதற்காக, யாரோ எழுதி வெகுநாளாகக் கவனிக்காமல் விட்ட ஒரு மென்பொருள் பேக்கேஜைச் சோதிக்காமலே சேர்த்தேன். அதனால், கொழுந்து பறிக்கும் ஓர் அம்மாவின் பழைய போனில் எச்சரிக்கை தாமதமாக ஒலித்தது. அதற்குள் யானை நின்ற பாதையில் போன அவர் கணவரைப் பிணமாகத்தான் தூக்கி வந்தார்கள்.

தொழிலாளர் குடியிருப்பான லயத்துக்கு, அந்த அம்மாவைப் பார்க்கப் போனேன். ஒல்லியான உடம்பு, கறையேறிய விரல்கள். போனை முந்தானையால் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"தப்பு என்னோடதும்மா," என்றேன்.

"பழைய போன வச்சிருந்தேன்னு எல்லாரும் என்னையத்தான் ஏசுறாக தம்பி. இத அவுககிட்டயும் சொல்றீகளா?"

வாசலில் நின்ற உறவினர்களிடம் சொன்னேன். அந்த அம்மா என்னை உட்காரச் சொல்லிக் பால் சேர்க்காத கட்டன்சாயா தந்தார். அது மன்னிப்புதானா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.