செவ்வாய்க்கிழமை கட்டிய பணம்

"வீடு எவ்வளவு ஆச்சுங்க?" என்று கேட்காமல் எங்கள் வீட்டை விட்டு யாரும் போனதில்லை. டைல்ஸைத் தட்டிப் பார்ப்பார்கள், மாடிக்கு ஏறி இறங்குவார்கள், காபியைக் குடித்து முடித்ததும் கேட்பார்கள். நானும் வருஷக்கணக்காக ஒரு தொகையைச் சொல்லிக்கொண்டிருந்தேன். மனைக்கு இவ்வளவு, கொத்தனாருக்கு இவ்வளவு, கம்பிக்கும் சிமெண்டுக்கும் இவ்வளவு என்று பிரித்தும் சொல்வேன். அத்தனையும் பொய். இப்போது யாராவது கேட்டால் எனக்கு எரிச்சல்தான் வருகிறது. போன மாதம் வந்து கேட்ட நாத்தனாரிடம், "ஏன், வாங்கப் போறீங்களா?" என்று கேட்டுவிட்டேன். அதற்குப் பிறகு அவர் இந்தப் பக்கம் வரவில்லை. காபிப்பொடி மிச்சம்.

காரைக்காலில் ஒரு அரசு அலுவலகத்தில் கணக்குப் பிரிவில் இருக்கிறேன். மற்றவர்கள் போடும் பில்களைச் சரிபார்ப்பதுதான் வேலை. பயணப்படியில் பன்னிரண்டு ரூபாய் கூடியிருந்தாலும் சிவப்பு மையில் வட்டம் போட்டுத் திருப்பி அனுப்புவேன். "அந்தம்மா மேசைக்குப் போனா பேப்பர் உருப்படாது" என்று பேர் எடுத்தவள். அந்தப் பேரில் எனக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பின்னால் வருகிற முட்டாள்தனத்தை எழுதப் படிக்கத் தெரியாத யாரோ செய்ததாக எவரும் நினைத்துக்கொள்ள வேண்டாம்.

கடன் வாங்கும்போது எனக்கு நாற்பது வயது. இருபது லட்சம், இருபது வருஷம், எட்டரை சதவீத வட்டி. நான் ஓய்வு பெறும்போது கடனும் முடிந்துவிடும் என்று கடன் கொடுத்த தனியார் நிறுவனத்து ஆள் விரல் விட்டு எண்ணிக் காட்டினான். வங்கிக்குப் போயிருந்தால் மூன்று மாதம் அலைய விட்டிருப்பார்கள். இவர்கள் பத்தே நாளில் கொடுத்தார்கள். பத்து நாளில் கொடுக்கிறவனைப் பார்த்துத்தான் பயப்பட வேண்டும் என்பது அப்போது எனக்குத் தெரியவில்லை. கட்டுக்கட்டாகக் காகிதம் நீட்டினார்கள். பக்கத்தில் என் வீட்டுக்காரர் உட்கார்ந்துகொண்டு, ராகுகாலம் வருவதற்குள் முடி, முடி என்று கடிகாரத்தைப் பார்த்தபடி இருந்தார். நாற்பது இடத்தில் கையெழுத்துப் போட்டேன். ஒரு பக்கம்கூடப் படிக்கவில்லை. ஊரார் பில்லை மூன்று தடவை படிக்கிற நான் என் பில்லை ஒரு தடவை படிக்கவில்லை.

என் வீட்டுக்காரர் விவசாயி. திருநள்ளாறு போகிற வழியில் அவருக்கு மூன்று மா நிலம் இருந்தது. மூன்று மா என்றால் ஏறத்தாழ ஒரு ஏக்கர். அதோடு கொஞ்சம் குத்தகைக்கும் எடுத்துச் செய்வார். என் சம்பளத்திலிருந்து மாதாமாதம் பதினேழாயிரத்துச் சொச்சம் தானாகவே போய்விடும். அவர் பங்குக்கு, சம்பா அறுத்து நெல்லைப் போட்டதும் கையில் வருகிற பணத்தில் நாற்பதாயிரமோ ஐம்பதாயிரமோ கொண்டுபோய்க் கடனில் கட்டுவார். அதிலும் மனிதருக்கு ஒரு முறை இருந்தது. செவ்வாய்க்கிழமையில், மைத்ர முகூர்த்தம் என்று பஞ்சாங்கத்தில் போட்டிருக்கும் நேரத்தில், அசலில் ஒரு பங்கைத் திருப்பிக் கொடுத்தால் மிச்சக் கடன் சீக்கிரம் தீர்ந்துவிடும் என்பது எங்கள் பக்கத்தில் பலருக்கு உள்ள நம்பிக்கை. அவருக்கு அது வேதம். தை மாசியில் அந்த நேரம் எந்தச் செவ்வாயில் வருகிறது என்று கோயில் குருக்களிடம் கேட்டு வைத்துக்கொண்டு, வெள்ளை வேட்டி கட்டி, விபூதி பூசி, மஞ்சள் பையில் பணத்தோடு அந்த நிறுவனத்தின் கவுன்டரில் போய் நிற்பார்.

"வீட்டுக் கடனுக்குங்க" என்று மட்டும் சொல்வார். அதற்கு மேல் ஒரு வார்த்தை பேசமாட்டார். அவர் கணக்கில் அதற்கு மேல் சொல்ல எதுவுமில்லை. கூட்டுறவு சொசைட்டியில் பயிர்க்கடனுக்குப் பணம் கொடுத்தால் அன்றைக்கு வரை உள்ள வட்டியை எடுத்துக்கொண்டு மீதியை அசலில் கழித்து எழுதிவிடுவார்கள். முப்பது வருஷமாக அவர் பார்த்த கடன் அதுதான். கட்டினால் குறையும். கவுன்டரில் இருக்கிறவர்கள் ஆங்கிலத்தில் இருக்கும் படிவத்தை அவர்களே நிரப்பி, ரசீது கிழித்துக் கொடுப்பார்கள். அதை அவர் என்னிடம் தருவார். நான் அதை ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டு பீரோவில் வைப்பேன். ஒரு வருஷம் மழையில் பயிர் போயிற்று, அப்போது கட்டவில்லை. மற்றபடி ஆறு அறுவடை, ஆறு ரசீது.

நடுவில் வட்டி ஏறியது. ஒரே தடவையில் இல்லை, கொஞ்சம் கொஞ்சமாகப் பத்தரை வரை போயிற்று. எனக்குக் கைப்பேசியில் ஒரு செய்தி வந்தது, கடன் காலம் மாற்றியமைக்கப்பட்டுள்ளது என்று. தவணைத் தொகை அப்படியே இருந்தது. பக்கத்து மேசைக்காரிக்கு வேறு இடத்தில் கடன், அவளுக்குத் தவணை மூவாயிரம் ஏறிவிட்டது என்று புலம்பினாள். "எங்க கம்பெனியில ஒரு பைசா ஏத்தலப்பா" என்று நான் அவளிடம் பீற்றிக்கொண்டேன். அவள் அதை மறந்திருக்க வேண்டும் என்று வேண்டிக்கொள்கிறேன்.

இன்னொரு கூத்தும் உண்டு. வருஷா வருஷம் வருமான வரிக்காக வட்டிச் சான்றிதழ் வாங்குவேன். அதில் வட்டி எவ்வளவு என்ற ஒரு வரியை மட்டும் பார்ப்பேன். வட்டி கூடினால் வரி குறையும், அதனால் கூடியிருந்தால் எனக்குச் சந்தோஷம். ஒருவன் என் சட்டைப்பையிலிருந்து நூறு ரூபாய் எடுக்கிறான், அதற்காக அரசாங்கம் இருபது ரூபாய் திருப்பித் தருகிறது, நான் இருபதை எண்ணிச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

எட்டாவது வருஷம் அந்தச் சான்றிதழின் இரண்டாவது தாள் கண்ணில் பட்டது. நிலுவை அசல் பதினேழு லட்சத்து முப்பதாயிரத்துச் சொச்சம். மீதித் தவணை இருநூற்று முப்பத்தேழு. தவணையை ஏற்றாமல் வருஷத்தை ஏற்றியிருக்கிறார்கள். கணக்குப் போட்டேன். அறுபத்தேழு வயது பத்து மாதத்தில் என் கடன் முடியும். அறுபதில் சம்பளம் நின்றுவிடும். எட்டு வருஷத்தில் என் சம்பளத்திலிருந்து மட்டும் பதினாறரை லட்சத்துக்கு மேல் போயிருக்கிறது, அசலில் மூன்று லட்சம்கூடக் குறையவில்லை. அந்தத் தாளை வைத்துக்கொண்டு அலுவலகத்திலேயே அழுதேன். கோபத்தில் அழுதேன்.

அந்தக் கோபத்தை அந்த நிறுவனத்தின் மீது காட்டியிருக்க வேண்டும். காட்டியது வீட்டில்.

"வருஷா வருஷம் முகூர்த்தம் பாத்து கட்டுனீங்களே, எங்க போச்சு? உங்க மூணு மா நெல்லு இந்தக் கடன்ல ஒரு கீறல்கூட போடல. அத வித்துட்டு மொத்தமா அடைங்க" என்றேன்.

"அது எப்படி குறையாம இருக்கும்? கட்டியிருக்கேன்ல" என்றார் அவர்.

"கட்டுனா குறையணும்ல? இந்தா, படிச்சுப் பாருங்க."

அவரால் அதைப் படிக்க முடியாது என்று தெரிந்துதான் நீட்டினேன். அப்படிப்பட்டவள் நான், எழுதிவிட வேண்டியதுதான்.

மூன்று மாதம் இதே பேச்சு. சாப்பிடும்போது, துணி மடிக்கும்போது, கோயிலுக்குப் போகிற வழியில். நிலம் அவருடைய அப்பா விட்டுப்போனது, அது ஒன்றுதான் அவர் பேரில் இருந்தது. குத்தகை நிலத்துக்காரர் எப்போது வேண்டுமானாலும் பிடுங்கிக்கொள்ளலாம், இதை யாரும் பிடுங்க முடியாது என்பார். அதைத்தான் நான் பிடுங்கினேன். கடைசியில் ஒருநாள், "நீ வயசான காலத்துல கஷ்டப்பட வேணாம். பேசி முடிச்சுட்டேன்" என்று சொல்லிவிட்டு மாட்டுக்குத் தண்ணீர் வைக்கப் போய்விட்டார். மனை போட்டு விற்கிறவர் வாங்கினார். புதன்கிழமை பத்திரப்பதிவு. வெள்ளிக்கிழமை நாங்கள் இருவரும் வண்டியில் அந்த நிறுவனத்துக்குப் போனோம். உள்ளே ஏசி ஒத்துக்கொள்ளாது என்று அவர் வெளியே நின்றுகொண்டார். நான் மட்டும் காசோலைப் புத்தகத்தோடு போனேன்.

இஸ்திரி போட்ட சட்டையில் ஒரு அதிகாரி. என் வயதில் பாதிகூட இருக்காது. திரையைப் பார்த்து, "பதினாலு லட்சத்து அம்பத்தி மூவாயிரம் கட்டுனா போதும் மேடம்" என்றார்.

"பதினேழு லட்சத்துச் சொச்சம்னுல்ல இருந்துச்சு?"

"அட்வான்ஸ் ரெண்டு லட்சத்து எம்பதாயிரம் இருக்கு மேடம். அத கழிச்சுடுவோம்."

"என்ன அட்வான்ஸ்?"

"வருஷா வருஷம் கேஷா கட்டியிருக்கீங்களே. அட்வான்ஸ் இஎம்ஐன்னு வரவு வச்சிருக்கோம். அசல்ல கழிக்கணும்னா கஸ்டமர் ஒரு லெட்டர் குடுக்கணும் மேடம். நீங்க குடுக்கல. பணம் எங்கயும் போகல, பத்திரமா இருக்கு."

"அதுக்கு வட்டி குடுத்தீங்களா?"

"அட்வான்ஸுக்கு வட்டி கிடையாது மேடம்."

"அதே பணத்துக்கு எங்கிட்ட வட்டி வாங்குனீங்கள்ல?"

"அது லோனுக்கு மேடம்."

இதைச் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு சின்ன வெட்கம்கூட இல்லை. வகுப்பில் மக்குப் பிள்ளைக்குச் சொல்வதுபோல் பொறுமையாகச் சொன்னார். அந்தப் பொறுமைக்காகவே அறையலாம் போலிருந்தது.

ஒன்று கேட்டேன். "தம்பி, நாங்க நெலத்தை விக்கல, எதுவும் செய்யலன்னு வச்சுக்குங்க. இந்த ரெண்டு எம்பதை மட்டும் இன்னைக்கு அசல்ல கழிச்சிருந்தா எத்தனை மாசம் பாக்கி?"

தட்டிப் பார்த்தார். "நூத்தி அம்பத்தி ரெண்டு. ஏழு வருஷம் குறைஞ்சிருக்கும் மேடம்" என்றார். அதையும் ஒரு நல்ல செய்தி போலச் சொன்னார்.

ஏழு வருஷம். ஒரு வெள்ளைத்தாள், நாலு வரி, ஒரு கையெழுத்து. அவ்வளவுதான். ஓய்வு பெற்ற பிறகு பத்துப் பன்னிரண்டு மாதம் சமாளித்திருந்தால் போதும். அதற்குள் இன்னும் பன்னிரண்டு அறுவடை வந்திருக்கும், பாதி விளைந்திருந்தாலும் அந்தப் பத்துப் பன்னிரண்டு மாதமும் இருந்திருக்காது. நிலம் எங்களிடமே இருந்திருக்கும். ஆத்திரம் தாங்காமல் கத்தினேன். பிளாஸ்டிக் கவரைப் பிரித்து ரசீதுகளை அவர் மேசையில் கொட்டினேன். அப்போதுதான் நானும் முதன்முதலாக அவற்றைப் பார்த்தேன். ஆறிலும் தெளிவாக அச்சாகியிருந்தது, அட்வான்ஸ் என்று, தொகைக்கு நேர் கீழே, பெரிய எழுத்தில். அவர் அந்த இடத்தை விரலால் காட்டினார். நான் சிவப்பு மையில் வட்டம் போடுவேனே, அந்த இடத்தை.

கத்துவதை நிறுத்திவிட்டேன். காசோலையில் தொகையை எழுதினேன். எழுத்தாலும் எண்ணாலும் சரியாக எழுதினேன், அதில் ஒரு பிழை கிடையாது.

வெளியே வந்தபோது என் வீட்டுக்காரர் வண்டியில் சாய்ந்து நின்றுகொண்டிருந்தார். "முடிஞ்சுதா?" என்றார். தலையாட்டினேன். அவர் கொஞ்சம் தயங்கி, "நான் கட்டினதெல்லாம் கழிச்சாங்களா?" என்று கேட்டார்.

"கழிச்சுட்டாங்க. ரெண்டு எம்பது" என்றேன்.

மூன்று மாதத்தில் முதல்தடவையாக அவர் முகம் தெளிந்தது. "பாத்தியா. செவ்வாக்கிழம கட்டுன பணம் வீணாப் போகாது. நீதான் நம்பல" என்றார். நான் வண்டியில் ஏறிக்கொண்டேன்.

இன்றுவரை அவரிடம் சொல்லவில்லை. அவரைக் காப்பாற்றுவதற்காகச் சொல்லவில்லை என்று எழுதினால் நன்றாக இருக்கும். என்னைக் காப்பாற்றிக்கொள்ளத்தான். அந்த ரசீதுகள் அவர் கையிலிருந்து என் கைக்கு வந்தவை, நான் படிக்கத் தெரிந்தவள்.

போன சனிக்கிழமை திருநள்ளாறு கோயிலுக்குப் போகும்போது வண்டியை அந்த நிலத்தருகே நிறுத்தினார். வரப்பெல்லாம் வெட்டிச் சமன் செய்து, மஞ்சள் பெயிண்ட் அடித்த கல் நட்டிருந்தார்கள். சாலையோரம் பெரிய பலகை, மனைகள் விற்பனைக்கு, வீட்டுக் கடன் வசதி உண்டு என்று. அடியில் கடன் கொடுக்கும் நிறுவனத்தின் சின்னம் இருந்தது. அவருக்கு எழுத்து ஓடாவிட்டாலும் அந்தச் சின்னம் அடையாளம் தெரிந்தது, ஆறு வருஷம் அதன் கீழே நின்று பணம் கட்டியவர்.

"நமக்குக் குடுத்த அதே கம்பெனிதான்" என்றார். "யாராச்சும் கேட்டா தைரியமா வாங்கச் சொல்லலாம், இல்ல? கட்டினத ஒழுங்கா கழிக்கிறான்."

"வண்டிய எடுங்க" என்றேன்.